சாயம் துறந்தோர்

வானவில்லை வெறுப்பார் உண்டோ? மாந்தளிரின் மென்சிவப்பை, மயிலின் தோகையை, மாலைக் கதிரவன் மேற்கு வானில் தீட்டும் ஓவியத்தை வேண்டாவெனத் தள்ளுவார் உண்டோ? உண்டு என்கிறது வரலாறு! கண்ணைக் கவரும் வண்ணம் எமக்கு வேண்டா, ஆட்டின் முதுகிலே வளர்ந்த மயிர் எந்நிறமோ அந்நிறமே எம் உடைக்குப் போதும் எனச் சாயத்தைத் துறந்து வாழ்ந்தோர் இவ்வுலகில் இருந்திருக்கின்றனர்.

அவர்களைப் பித்தர் என்று நகைத்தவர் உண்டு; புனிதர் என்று தொழுதவரும் உண்டு. நாம் நகைக்கவும் வேண்டா, தொழவும் வேண்டா. நிறுத்துப் பார்ப்போம். துறவு என்ற சொல்லைக் கேட்டதும் கைகூப்பி நிற்பது நம் நாட்டார்க்குப் பழகிப்போன ஒன்று. எதைத் துறந்தார், யாருக்காகத் துறந்தார், துறந்ததால் எந்த ஏழையின் விலங்கு ஒடிந்தது என்று கேட்பது நம் கடமை. அந்தக் கேள்வியோடு இரு கூட்டத்தாரின் வரலாற்றைக் காண்போம். ஒரு கூட்டத்தார் பிரெஞ்சு நாட்டிலே, பன்னிரண்டாம் நூற்றாண்டிலே வாழ்ந்தவர். மற்றையோர் அமெரிக்க மண்ணிலே, பதினெட்டாம் நூற்றாண்டிலே வாழ்ந்தவர். இருவரும் துறந்தது ஒன்றே. ஆனால் விளைந்தது ஒன்றா?

வெண்துறவிகள்

1098-ஆம் ஆண்டு. பிரெஞ்சு நாட்டின் பர்கண்டிப் பகுதியில், சித்தோ என்னும் காட்டுச் சதுப்பு நிலத்திற்கு இராபர்ட் என்ற துறவி 21 தோழர்களோடு வந்து சேர்ந்தார். அக்காலத்தில் குளூனி மடம் செல்வத்தின் சிகரம். அங்கே பொன்விளக்குகள், மணிபதித்த பேழைகள், வண்ணக் கண்ணாடிகள், நீண்ட வழிபாடுகள்; துறவியர்க்குக் கருஞ்சாயம் தோய்த்த அங்கி. இத்தகைய வாழ்வு வேண்டாவென வெளியேறியவர்களே சித்தோ மடத்தார். சிஸ்டர்சியர் என்பது அவர்கள் பெயர். அங்கிக்குச் சாயம் வேண்டா என்றனர். கம்பளி தன் இயல்பு நிறத்திலேயே இருக்கட்டும் என்றனர். மக்கள் அவர்களை வெண்துறவிகள் என அழைக்கலாயினர்.

சில ஆண்டுகளில் பெர்னார்டு என்ற பிரபு குலத்து இளைஞர், உற்றார் உறவினர் ஏறத்தாழ முப்பது பேரோடு அம்மடத்திலே சேர்ந்தார். 1115-இல் கிளேர்வோ மடத்தின் தலைவரானார். நாவன்மை மிக்கவர், பேனா முனையோ வாள்முனை! 1125-ஆம் ஆண்டையொட்டி அவர் எழுதிய கண்டன நூலில், ஏழை குளிரில் நடுங்கும்போது கோயிற் கல்லுக்குப் பொன்னாடை எதற்கு என்ற கருத்துப்பட இடித்துரைத்தார். கல்லுக்கு அழுது கனிந்து நின்ற காலத்தில், ஒரு மடத்துத் தலைவர் இப்படிக் கேட்டார் என்றால் வியப்பன்றோ? பெர்னார்டு காலத்திலேயே அம்மடத்தாரின் சட்டங்களும் கடுமையாயின. சாளரக் கண்ணாடி வெண்மையாக இருக்க வேண்டும். அதில் சிலுவையோ படமோ கூடாது. நூலின் முதலெழுத்து ஒரே நிறத்தில் இருக்க வேண்டும்; ஓவியம் கூடாது. வண்ணம் கண்ணின் வழியாக உள்ளத்தை மயக்கும் மது என்பது அவர்கள் எண்ணம்.

இதுவரை கேட்டால், நம் கை தானாகவே தட்டத் தோன்றும். தட்டுமுன் மேலும் சற்றுக் கேட்போம்.

அம்மடங்களில் இருவகையார் வாழ்ந்தனர். பாடலறையில் நின்று இலத்தீன் மொழியில் ஓதுவோர் ஒருவகை. ஏர் உழவும், ஆடு மேய்க்கவும், ஆலை ஓட்டவும் அமைந்த பணித்துறவியர் மற்றொருவகை. இவர்கள் பெரும்பாலும் உழவர் குடியிற் பிறந்தோர். இவர்களுக்குத் தனிச் சாப்பாட்டறை, தனிப் படுக்கையறை, கோயிலிலும் தனியிடம். நூலைக் கையில் தொடக்கூடாது என்று விதி! நெட்டுருப் போட்ட சில வழிபாட்டு மொழிகளே அவர்களுக்குக் கல்வி. எத்துணை ஆண்டு உழைத்தாலும் ஓதும் துறவியாக உயர வழியில்லை. ஒதுபவன் ஓதிக்கொண்டேயிருக்க, உழைப்பவன் உழைத்துக்கொண்டேயிருந்தான். எங்கோ கேட்ட கதைபோல் இருக்கிறதல்லவா?

ஆட்டு மயிருக்குச் சாயம் ஏற்றாதவர் அந்த மயிரை என்செய்தனர்? விற்றனர்! இங்கிலாந்தின் ஃபவுண்டன்ஸ், ரீவோ முதலிய சிஸ்டர்சிய மடங்கள் பதின்மூன்றாம் நூற்றாண்டில் பெருங்கம்பளி வாணிபம் நடத்தின. அக்கம்பளி பிளாண்டர்சு நாட்டுக்கும் இத்தாலிய நகரங்களுக்கும் போயிற்று. அங்கே சிவப்பும் நீலமும் ஏறிச் செல்வர் மேனியை அலங்கரித்தது. தம் உடலில் ஏற்றாத சாயம், தம் சரக்கில் ஏறுவது பற்றி அவர்களுக்குக் கவலையில்லை. பண்ணை அமைக்க, அங்கே குடியிருந்த உழவரை அகற்றிய நிகழ்ச்சிகளும் உண்டு.

வெண்மை விரைவிலே ஒரு கொடியும் ஆயிற்று. வெள்ளை அங்கியார் கறுப்பு அங்கியாரை இகழ்ந்தனர். கறுப்பு அங்கியார் வெள்ளை அங்கியாரைப் பழித்தனர். குளூனி மடத்துத் தலைவர் பீட்டர், அங்கியின் நிறத்துக்காகவா உடன்பிறந்தார் பகைப்பது என்று வருந்தி எழுதும் நிலை வந்தது. நிறத்தைத் துறந்தோம் என்றவர், நிறத்துக்காகவே பூசலிட்டனர்!

இவற்றிற்கெல்லாம் மேலாக, 1146 மார்ச்சுத் திங்களில் வெசலே நகரில் பெர்னார்டு செய்ததை மறக்கலாகாது. இரண்டாம் சிலுவைப்போருக்கு மக்களைத் திரட்டியவர் அவரே. அவர் சொல் கேட்டுத் தோளில் துணிச்சிலுவை தைத்துக்கொண்டு புறப்பட்ட பல்லாயிரவர் வழியிலே மாண்டனர். அப்போரின்போது யூதரைக் கொன்று குவிக்கத் தூண்டிய ஒரு துறவியைக் கண்டித்துத் தடுத்தவரும் பெர்னார்டே என்பதை நாம் மறைக்கமாட்டோம். எனினும், சாளரத்திலே செந்நிறம் கூடாது என்றவர், மண்ணிலே செந்நிறம் படிவதைத் தடுக்கவில்லை.

செஞ்சாறு தெறித்த மன்றம்

இனிக் கடல் கடந்து செல்வோம். பதினேழாம் நூற்றாண்டின் நடுவில் இங்கிலாந்தில் ஜார்ஜ் ஃபாக்ஸ் தொடங்கிய நண்பர் குழுவினரைக் குவேக்கர் என்பர். குருக்கள் வேண்டா, சடங்கு வேண்டா, மன்னனுக்கும் தொப்பி கழற்றமாட்டோம் என்றவர்கள். எளிய உடையே அவர்கள் அடையாளம். அவர்களிற் பலர் அமெரிக்காவில் குடியேறிச் செல்வராயினர். மங்கிய சாம்பல் நிற உடை மாறவில்லை. ஆனால் அவ்வுடையின் பையிலே அடிமை விற்பனைச் சீட்டும் இருந்தது! ஆம், ஆப்பிரிக்க மக்களை விலைக்கு வாங்கி வேலை வாங்கிய குவேக்கர் அன்று பலர்.

இந்தக் கொடுமையைக் கண்டு கொதித்தெழுந்தவர் பெஞ்சமின் லே. 1682-இல் இங்கிலாந்தில் பிறந்தவர், நான்கடி உயரம், கூன் முதுகு. மேற்கிந்தியத் தீவான பார்படோசில் வாழ்ந்தபோது அடிமைகள் பட்ட பாட்டைக் கண்ணாரக் கண்டார். பின்னர்ப் பென்சில்வேனியா வந்து, தாமே நூற்ற நூலில் ஆடை செய்து உடுத்தார். ஊன் உண்ணவில்லை. அடிமை உழைப்பில் விளைந்த சர்க்கரையை நாவில் வைக்கவில்லை.

1738-இல் பர்லிங்டன் நகரில் குவேக்கரின் பேரவை கூடியது. பெரிய மேலங்கி போர்த்து லே வந்தார். எழுந்தார், அடிமைகளை வைத்திருப்போரைச் சாடினார். மேலங்கியை வீசினார். உள்ளே போர்வீரன் உடை, இடையிலே வாள்! போரை வெறுக்கும் குவேக்கர் திகைத்தனர். கையில் ஒரு நூல். வாளை உருவி அந்நூலைக் குத்தினார். செந்நிறம் பீறிட்டு அருகிருந்தோர் மீது தெறித்தது! நூலின் நடுவைக் குடைந்து, ஒருவகைச் செம்பழத்தின் சாறு நிரப்பிய பையை அதனுள் வைத்திருந்தார் அவர். உடன்பிறந்த மனிதனை அடிமையாக்குவோர் குருதி இப்படிச் சிந்தும் என்பது அவர் காட்டிய பாடம்.

வண்ணத்தை வெறுத்தவர் வண்ணத்தாலேயே பாடம் கற்பித்த விந்தையைப் பாரீர்! சாம்பல் உடைக்குள் மறைந்திருந்த சிவப்பை வெளியே இழுத்துப் போட்டார். பரிசு என்ன? அவ்வாண்டே அவரைக் குழுவிலிருந்து விலக்கினர். அவர் பணிந்தாரில்லை. இருபது ஆண்டுகள் கழித்து, 1758-இல், அடிமைகளை வாங்கி விற்போரைக் குழுவின் அலுவல் அவைகளிலிருந்து விலக்குவதெனப் பிலடெல்பியாப் பேரவை முடிவெடுத்தது. அச்செய்தி கேட்டு நிறைவுற்ற முதியவர், மறு ஆண்டு மறைந்தார். அவரை விலக்கிய ஆபிங்டன் குழுவினரே 2018-இல் அவருடைய பெருமையை ஏற்று அறிக்கை செய்தனர். 280 ஆண்டுகள் கழித்து! உண்மை மெல்ல நடக்கும். எனினும் வந்து சேரும்.

தையற்காரர் ஜான் உல்மன்

1758-ஆம் ஆண்டின் அம்முடிவுக்காக அவையில் வாதாடியவருள் முதன்மையானவர் ஜான் உல்மன். 1720-இல் நியூஜெர்சியில் உழவர் குடும்பத்திலே பிறந்தவர். கடைக்கணக்கரும் தையற்காரருமாக வாழ்ந்தவர். நம் பள்ளிப் பாடநூல்களில் மன்னர்க்கு இடம் உண்டு, தளபதிகட்கு இடம் உண்டு. இந்தத் தையற்காரருக்கு இடம் காண்பது அரிது.

இருபத்திரண்டு அகவையளவில் அவர் ஒரு கடையில் பணி செய்துகொண்டிருந்தார். முதலாளி ஒரு நீக்ரோப் பெண்ணை விற்றார். விற்பனைச் சீட்டை எழுதச் சொன்னார். வாங்குபவரோ வயது முதிர்ந்த குவேக்கர். இளைஞர் எழுதினார். எழுதும்போதே உள்ளம் குத்திற்று. இது அறத்துக்கு ஒவ்வாது என அவ்விருவர் முன்னிலையிலேயே சொன்னார். சொன்னார், ஆனாலும் எழுதிவிட்டாரே! அந்த ஒரு தாள் அவரை வாழ்நாள் முழுதும் உறுத்தியது. பின்னர் வேறொருவர் அத்தகைய சீட்டு எழுதக் கேட்டபோது மறுத்துவிட்டார்.

1746-இலும் 1757-இலும் தென்பகுதிக்குச் சென்றார். அடிமைகளை வைத்திருந்தோர் இல்லங்களிலே தங்க நேர்ந்தது. விருந்துண்டு வாழ்த்திப் புறப்படுவது உலக வழக்கம். உல்மன், தமக்குப் பணிவிடை செய்த அடிமைகளுக்குக் கூலி கொடுத்தார். வீட்டுக்காரர் முகம் சுளித்தபோதும் கொடுத்தார். ஏச்சில்லை, பேச்சில்லை. கையில் வைத்த காசு, இந்த உழைப்புக்கு விலை உண்டு என்று உரைத்தது. 1754-இல் அவர் எழுதிய அடிமை ஒழிப்பு நூல் குவேக்கர் அச்சிட்டுப் பரப்பிய முன்னோடி நூல்களுள் ஒன்று. கடை வாணிபம் பெருகி வந்தபோது, பெருக்கமே சுமை எனக் கருதி அதை விட்டுத் தையலோடு நின்றார்.

1760-களின் தொடக்கத்தில் சாயத்தையும் துறந்தார். இருந்த உடைகளைக் கிழியும்வரை உடுத்தி, புதியவற்றை இயல்பு நிறத்திலே தைத்துக்கொண்டார். 1762-இல் தொப்பியும் மயிரின் இயல்பு நிறத்ததாயிற்று. அங்கே ஒரு வேடிக்கை! அப்போது வெள்ளைத் தொப்பி நாகரிகக்காரரின் புது மோகமாக இருந்ததால், எளிமை வேண்டியவரை ஆடம்பரம் நாடுவோர் எனச் சிலர் ஐயுற்றனர். தம்மைத் தவிர்த்து ஒதுங்கிய நண்பரைக் கண்டு அவர் உள்ளம் நொந்தார்; தொப்பியை மாற்றவில்லை.

சாயம் ஏன் வேண்டா? அவர் கூறிய காரணத்திலே துறவியின் புலம்பல் இல்லை; தையற்காரரின் பட்டறிவு இருந்தது. சாயத்தின் ஒரு வேலை கண்ணுக்கு இன்பம் தருவது. மற்றொரு வேலை அழுக்கை மறைப்பது. அழுக்கைப் போக்கும் துப்புரவு வேண்டுமேயன்றி, அழுக்கை மறைக்கும் வண்ணம் வேண்டா என்றார். சாயமும் அதற்காகும் செலவும் உழைப்பும் பயனுள்ள துப்புரவுக்குச் செலவிடப்படலாகாதா என்றும் எண்ணினார். தேவைக்கு மேற்பட்ட ஆடம்பரமே பிறர் முதுகில் சுமையாக ஏறுகிறது என்பது அவருடைய கொள்கையின் ஆணிவேர்.

1772-இல் இங்கிலாந்துக்குக் கப்பலேறினார். கப்பலின் உயர்வகுப்பு அறையில் வீண் வேலைப்பாடுகள் கண்டு, கீழ்த்தளத்தில் மாலுமிகளோடு பயணம் செய்தார். வெள்ளுடை மனிதரைக் கண்ட இலண்டன் குவேக்கர் முதலில் தயங்கினர். அஞ்சல் வண்டிக் குதிரைகளும் வண்டியோட்டும் சிறுவரும் படும் துன்பம் அறிந்து, வண்டியேறாமல் யார்க் நகர்வரை நடந்தே சென்றார். அங்கே அம்மை நோய் கண்டு அவ்வாண்டு அக்டோபர் 7-ஆம் நாள் மறைந்தார்.

நான்கே ஆண்டில், 1776-இல், அடிமையை வைத்திருப்போர்க்குக் குழுவிலே இடமில்லை எனப் பிலடெல்பியாப் பேரவை அறுதியிட்டது. 1787-இல் இலண்டனில் அடிமை வாணிப ஒழிப்புக் குழு அமைந்தபோது அதன் பன்னிருவரில் ஒன்பதின்மர் குவேக்கர். 1807-இல் பிரிட்டன் அவ்வாணிபத்தைச் சட்டத்தால் தடுத்தது.

அவுரித் தொட்டி

சாயம் என்றால் என்ன என்பதை அறியாமல் இத்துறவின் ஆழம் விளங்காது. தென் கரோலினாவில் 1740-களில் அவுரிப் பயிர் வேரூன்றியது. விதைத்தது, அறுத்தது, தொட்டியில் ஊறவைத்தது எல்லாம் அடிமைகள். ஊறிப் புளித்த நீரின் நாற்றம் நெடுந்தொலைவு வீசும், ஈக்கள் மொய்க்கும். அந்நீரைத் துடுப்பால் அடித்துக் கலக்கினால்தான் நீலம் திரண்டு அடியில் படியும். 1770-களில் ஆண்டுக்குப் பத்து லட்சம் பவுண்டு எடைக்குமேல் நீலம் அங்கிருந்து ஏற்றுமதியான காலமும் உண்டு. சீமான் சட்டையில் ஒளிர்ந்தது நீலம்; அதன் பின்னே மறைந்தது ஒரு கறுத்த முதுகின் வடு.

நமக்கும் இதிலே பங்கில்லை என்று எண்ண வேண்டா. நம் சோழமண்டலக் கரையில் நெய்து, அவுரியில் தோய்த்த நீலத்துணியை ஐரோப்பியக் கும்பினிகள் ஆப்பிரிக்காவின் மேற்குக் கரைக்கு ஏற்றிச் சென்றன. புதுச்சேரியின் நீலத்துணிக்கு அங்கே பெயர் மிக உண்டு. பணம்போல் வழங்கிய அத்துணியைக் கொடுத்துப் பிசின் வாங்கினர், மனிதரையும் வாங்கினர்! நெய்தவன் அறியான், தோய்த்தவன் அறியான். கும்பினிக்காரன் அறிவான். அவன் கணக்கேட்டில் துணியும் ஒரு சரக்கு, மனிதனும் ஒரு சரக்கு. வங்கத்து உழவர் 1859-இல் அவுரி பயிரிட மறுத்துக் கிளர்ந்ததும், தீனபந்து மித்ராவின் 'நீல தர்ப்பணம்' நாடகம் 1860-இல் வெளிவந்ததும், அதன் ஆங்கிலப் பெயர்ப்பை வெளியிட்ட ஜேம்ஸ் லாங் பாதிரியார் 1861-இல் சிறை சென்றதும், 1917-இல் சம்பாரண் உழவர்க்காகக் காந்தியார் சென்றதும் இதே நீலத்தின் தொடர்கதை.

தோலின் நிறம்

இவ்வளவு கண்டபின், குவேக்கர் உயர்ந்தோர், வெண்துறவியர் தாழ்ந்தோர் எனத் தீர்ப்பெழுதி முடித்துவிடலாமா? முடிக்கவிடவில்லை ஓர் ஆசிரியை.

சாரா மேப்ஸ் டக்ளஸ் என்பது அவர் பெயர். 1806-இல் பிலடெல்பியாவில் பிறந்த கறுப்பினப் பெண்மணி. தம் இனத்துப் பிள்ளைகட்கு வாழ்நாளெல்லாம் கல்வி தந்தவர். அவருடைய தாய் குவேக்கர் நெறியை விரும்பி அவர்களுடைய வழிபாட்டு மன்றத்துக்கு மகளையும் அழைத்துச் செல்வார். அங்கே கறுப்பர்க்கென்று தனி விசிப்பலகை! வெள்ளையர் எவரேனும் தவறி அங்கு அமரவந்தால், அது கறுப்பர் இருக்கை எனச் சொல்லித் தடுக்க ஆள் உண்டு. அச்சொல்லை மீண்டும் மீண்டும் கேட்டுத் தம் இளநெஞ்சு புண்பட்டதை அவர் 1830-களில் கடிதத்திலே எழுதினார். அடிமை முறையை விட்டு அரை நூற்றாண்டு கடந்த குழுவிலே இக்காட்சி! உடையின் நிறத்தைத் துறந்தனர். ஒவ்வொரு கண்ணிலும் ஒட்டியிருந்த தோலின் நிறத்தைத் துறந்தாரில்லை.

இந்த இடரை முன்னரே உணர்ந்தவர் ஒரு மூதாட்டி. ஜார்ஜ் ஃபாக்சின் துணைவியாரான மார்கரெட் ஃபெல், 1700-ஆம் ஆண்டளவில், தம் எண்பதுகளில், எல்லாரும் ஒரே உடை, ஒரே நிறம் அணிய வேண்டும் என்னும் கட்டளை அறிவுக்கு ஒவ்வாதது என எச்சரித்தார். உள்ளே செய்ய வேண்டிய வேலையை உடையிலே செய்து முடித்துவிட்டதாக மனிதன் மயங்குவான் என்பதே அவர் அச்சம். கேட்டார் இல்லை. எளிய உடை நெடுநாள் வேலியாகவே நின்றது; 1860-இல்தான் இங்கிலாந்துக் குவேக்கர் அக்கட்டாயத்தை விட்டனர்.

வருணம் என்னும் வடசொல்லுக்கு நிறம் என்றும் பொருள் உண்டு. காவி உடுத்தோர், வெள்ளை உடுத்தோர், நீறு பூசி நிறமெல்லாம் மறைத்தோர் எத்தனை ஆயிரவர் இந்நாட்டில் நடந்தனர்! உடையிலே வண்ணம் வேண்டாவென்றோர், ஊரிலே வருணம் வேண்டாவென்றார்களா? மடத்துப் பந்தியிலே ஒரு வரிசைதான் இருந்ததா, இரண்டு வரிசை இருந்ததா? கேட்டுப் பாருங்கள். 1940-களில் பெரியார் தம் தொண்டர்க்குக் கறுப்புச் சட்டை தந்தார். இழிவு நீங்கும்வரை நாம் துக்கத்தில் இருக்கிறோம் என்ற அறிவிப்பு அது. வண்ணம் பகையன்று, வண்ணத்தின் பின்னே இழிவு ஒளிந்திருப்பதே பகை என்பதற்கு அதுவும் ஒரு சான்று.

தோழர்களே! ஆட்டு மயிரின் நிறத்தில் உடுத்தால்தான் அறவோர் ஆவோம் என்று நாம் சொல்ல வரவில்லை. நம் பெண்டிர் சேலையில் செம்மையும் பசுமையும் மிளிரட்டும். பிள்ளைகள் கையிலே வண்ணக்கோல்கள் விளையாடட்டும். உல்மனிடம் நாம் கற்க வேண்டியது வெள்ளைத் தொப்பியை அன்று. உண்ணும் சர்க்கரையும் உடுக்கும் துணியும் யார் கையிலிருந்து வந்தன என்று கேட்டாரே, அந்தக் கேள்வியை! விருந்து வீட்டை விட்டுப் புறப்படுமுன் அடுக்களைப் பக்கம் திரும்பி, அங்கே நின்றவள் கையில் கூலியை வைத்தாரே, அந்தச் செயலை!

சாயம் வெளுத்துவிட்டது என்று நம்மவர் பேச்சிலே சொல்வதுண்டு. போலி வெளிப்பட்டது என்பது அதன் பொருள். அடுத்த முறை ஒரு துறவியின் அங்கியைக் கண்டு கைகூப்புமுன், அவருடைய மடத்து அடுக்களையில் யார் சமைக்கிறார்கள், யார் எங்கே அமர்ந்து உண்கிறார்கள் என்று எட்டிப் பாருங்கள். அங்கே தெரிந்துவிடும், சாயம் போயிற்றா, இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறதா என்பது.